ஏகபோகத்தின் நிழலில் கள்ள ஒளிபரப்பு

“அம்பானியின் பணம்தானே போகிறது, நமக்கென்ன தோழர்?” உரிமமின்றி இணையவழித் தொலைக்காட்சி வழங்கும் செயலிகளைப் பற்றிப் பேச்செடுத்தால் நம் அணிகளுக்குள்ளேயே எழும் பதில் இது. சொல்பவர் சற்றுப் பெருமிதத்தோடுதான் சொல்கிறார். ஆண்டுக்குச் சில நூறு ரூபாயை யாரோ ஒருவரின் யுபிஐ கணக்குக்கு அனுப்பினால், நூற்றுக்கணக்கான சேனல்களும் கிரிக்கெட்டும் நேற்று வெளியான திரைப்படமும் கைப்பேசிக்கு வந்துவிடுகின்றன. பெருமுதலாளியின் கல்லாவில் விழ வேண்டிய காசு விழவில்லை; எனவே இதுவும் ஒருவகை வர்க்கப் போராட்டமே என்றொரு நினைப்பு. இந்த நினைப்பு தவறானது. நமது இயக்கத்திற்கும் நமது வர்க்கத்திற்கும் தீங்கானது. அதை மறுப்பதற்கு ஆட்சியாளர்களும் பெருநிறுவனங்களும் ஓதுகிற ‘திருட்டு ஒழிப்பு’ மந்திரத்தை நாம் கடன் வாங்க வேண்டியதில்லை.

மக்கள் ஏன் அந்தப் பக்கம் போகிறார்கள் என்பதை முதலில் பார்ப்போம். 2022 ஜூனில் ஐபிஎல் போட்டிகளின் 2023 முதல் 2027 வரையிலான ஒளிபரப்பு உரிமை 48,390 கோடி ரூபாய்க்கு ஏலம் போனது. இந்தியாவிற்கான தொலைக்காட்சி உரிமை டிஸ்னி ஸ்டாருக்கும், இணைய உரிமை ரிலையன்சின் வயாகாம் 18 நிறுவனத்திற்கும் சென்றன. இரண்டு பெரும் மீன்கள் ஒரே குளத்தில் மோதிக்கொண்டிருந்த வரை, பார்வையாளரைத் தன் பக்கம் இழுப்பதற்காக 2023, 2024 ஆகிய இரு ஆண்டுகளும் ஜியோசினிமாவில் ஆட்டங்கள் கட்டணமின்றிக் காட்டப்பட்டன. பின்னர் மீன்கள் ஒன்றாயின. 2024 ஆகஸ்ட் 28 அன்று இந்தியப் போட்டி ஆணையம் இணைப்புக்கு ஒப்புதல் அளித்தது. நவம்பர் 14 அன்று 70,352 கோடி ரூபாய் மதிப்புள்ள கூட்டு நிறுவனம் ரிலையன்சின் கட்டுப்பாட்டில் பிறந்தது. 2025 பிப்ரவரி 14 அன்று ஜியோஹாட்ஸ்டார் வந்தது. அடுத்த மாதமே தொடங்கிய ஐபிஎல் தொடரை முழுமையாகப் பார்க்கக் கட்டணம் கேட்கப்பட்டது, அல்லது ஜியோவில் 299 ரூபாயோ அதற்கு மேலோ ரீசார்ஜ் செய்ய வேண்டும் என்றானது. அந்த 299 ரூபாய்த் திட்டம் 2024 ஜூலைக்கு முன்பு 239 ரூபாய்க்குக் கிடைத்துக்கொண்டிருந்தது.

போட்டி ஆணையம் என்று பெயர் வைத்துக்கொண்டு போட்டியை அடக்கம் செய்வதற்கு முத்திரை குத்திக் கொடுத்த கதை இது. நூற்றுக்கும் மேற்பட்ட சேனல்கள், நாட்டின் மிகப்பெரிய இணைய ஒளிபரப்புத் தளம், நாட்டின் மிகப்பெரிய கைப்பேசி வலைப்பின்னல், இவற்றோடு கட்டுப்பாட்டுக்குள் கொண்டுவரப்பட்ட டென், ஹாத்வே என்ற இரு பெரும் கேபிள் நிறுவனங்கள்: பொருளை உற்பத்தி செய்பவர், அதைக் கொண்டுசெல்லும் சாலைக்கு உரிமையாளர், சுங்கச்சாவடி நடத்துபவர் ஆகிய அனைவரும் ஒரே குடும்பம். இந்தச் சுங்கச்சாவடியைச் சுற்றிக்கொண்டு போக வழி உண்டு என்று எவராவது சொன்னால் மக்கள் அவர் பின்னால் போவதில் வியப்பில்லை.

மொழியும் ஒரு காரணம். தாராவியிலோ பெங்களூருவிலோ வாழும் தமிழ்த் தொழிலாளிக்கும், திருப்பூரின் பின்னலாடை ஆலையில் வேலை செய்யும் ஒடியாத் தொழிலாளிக்கும், தங்கள் மொழிச் சேனல்கள் உள்ளூர் கேபிள் தொகுப்பில் பெரும்பாலும் இருப்பதில்லை. இருந்தாலும் தனித்தனியே பணம் கட்டிச் சேர்க்க வேண்டும். எட்டுப் பேர் தங்கும் அறைக்கு யார் பெயரில் கேபிள் இணைப்பு எடுப்பது? யாரிடம் இருப்பிடச் சான்று இருக்கிறது? கைப்பேசியில் ஒரு செயலி போதும் என்கிறபோது, ஊரை விட்டு வந்தவனுக்கு அது ஊரின் குரலாகவே கேட்கிறது. இதைத் திருட்டு மனப்பான்மை என்று ஏசுகிறவர்களுக்கு அந்த அறைகளைத் தெரியாது.

இவ்விஷயத்தில் அரசின் பங்கு சிறியதல்ல. வான்அலைகள் பொதுச்சொத்து என்று உச்ச நீதிமன்றம் 1995 பிப்ரவரி 9 அன்று, மேற்கு வங்கக் கிரிக்கெட் சங்கம் தொடர்பான வழக்கில் தெளிவாகத் தீர்ப்பளித்தது. முக்கியமான விளையாட்டுப் போட்டிகளின் ஒளிபரப்பைப் பிரசார் பாரதியுடன் பகிர்ந்துகொள்வதைக் கட்டாயமாக்கும் சட்டம் 2007இல் வந்தது. ஆனால் 2017 ஆகஸ்டில், அவ்வாறு பகிரப்படும் ஒளிபரப்பைக் கேபிள் நிறுவனங்கள் வழியாகக் கொண்டுசெல்ல முடியாது, தூர்தர்ஷனின் தரைவழி ஒளிபரப்பிலும் அதன் இலவச டிஷ்ஷிலும் மட்டுமே காட்டலாம் என்ற நிலை உச்ச நீதிமன்றத் தீர்ப்பால் உறுதியானது. அதன்பின் தரைவழி ஒலிபரப்பிகளே பெரும்பாலும் மூடப்பட்டுவிட்டன. நாடாளுமன்றத்தில் ஒரு திருத்தம் கொண்டுவந்து இதைச் சரிசெய்வதற்கு மோடி அரசுக்கு மனம் வரவில்லை. எந்தச் சட்டத்தையும் ஒரே நாளில் குரல் வாக்கெடுப்பில் நிறைவேற்றத் தெரிந்த அரசு இது. 2004இல் தொடங்கப்பட்ட டிடி இலவச டிஷ், ஒருமுறை பெட்டி வாங்கினால் மாதக் கட்டணமே இல்லாத, ஏழைகளின் உண்மையான தொலைக்காட்சி. அதிலிருந்து ஸ்டார், ஜீ, சோனி, வயாகாம் 18 ஆகிய நான்கு குழுமங்களும் தமது இந்திப் பொழுதுபோக்குச் சேனல்களை 2022 ஏப்ரலில் விலக்கிக்கொண்டன. ஏழைகள் இலவசமாகப் பார்ப்பது கட்டணச் சந்தையைக் கெடுக்கிறதாம்.

முதலாளிகளின் சொந்த அறிக்கையே இதற்குச் சாட்சி. எர்ன்ஸ்ட் அண்ட் யங் நிறுவனமும் இந்திய இணைய, கைப்பேசிச் சங்கமும் 2024 அக்டோபரில் வெளியிட்ட அறிக்கை, 2023இல் இந்தியாவில் கள்ளப் பிரதிகளின் பொருளாதாரம் 22,400 கோடி ரூபாய் என்று மதிப்பிட்டது. (இத்தகைய தொகைகளை அவர்கள் தங்கள் வசதிக்கேற்பக் கணக்கிடுவது வழக்கம், அதை இங்கே விட்டுவிடுவோம்.) ஊடகப் பார்வையாளர்களில் 51 சதவீதம் பேர் கள்ள வழிகளை நாடுவதாக அது கூறியது. ஏன் என்று கேட்டபோது கிடைத்த பதில்கள்: கட்டணம் அதிகம், வேண்டியது கிடைப்பதில்லை, பல சந்தாக்களைக் கட்டி மேய்க்க முடியவில்லை. விளம்பரத்தோடு இலவசமாகக் கொடுத்தால் முறையான வழிக்கு வந்துவிடுவோம் என்று கள்ள வழியில் பார்ப்போரில் 64 சதவீதம் பேர் கூறினர். ஒழுக்கக் கேடு பற்றி நீதிபோதனை செய்பவர்கள் தாங்களே பணம் கொடுத்து எழுதுவித்த அறிக்கையைப் படித்துப் பார்க்கலாம்.

இவ்வளவையும் ஒப்புக்கொண்ட பிறகும் கேள்வி அப்படியே நிற்கிறது. அந்தச் சில நூறு ரூபாய் யாருக்குப் போகிறது?

இந்தத் தொழில் நடக்கும் விதத்தைத் தோழர்கள் அறிந்துகொள்ள வேண்டும். எங்கோ ஒருவர் முறையான சந்தாக்களைப் பணம் கட்டி வாங்குகிறார். செட்டாப் பாக்ஸிலிருந்தோ செயலியிலிருந்தோ வரும் காட்சியைக் கருவி கொண்டு மறுபதிவு செய்து, வாடகைக்கு எடுத்த வெளிநாட்டுச் சர்வர்கள் வழியாக அனுப்புகிறார். அவருக்குக் கீழே மொத்த விற்பனையாளர்கள்; அவர்களுக்குக் கீழே டெலிகிராமிலும் வாட்ஸ்அப்பிலும் சந்தா பிடிக்கும் முகவர்கள். மேலே இருப்பவரை யாரும் பார்த்ததில்லை. கைதாகிறவர் எப்போதும் கீழே இருப்பவர், அல்லது அகப்பட்டுக்கொள்ளும் அளவுக்கு அருகில் இருப்பவர். தோப் டிவி என்ற செயலி புகழ்பெற்றிருந்த காலத்தில், 2021 ஜூலையில் மகாராஷ்டிர சைபர் காவல்துறை ஐதராபாத்தில் ஓர் இளைஞரைக் கைது செய்தது. அதனால் அந்தத் தொழில் ஒருநாளும் நிற்கவில்லை, பெயர்கள்தான் மாறின. இங்கே மக்களுக்குச் சொந்தமானது எதுவும் இல்லை. நூலகம்போல் எவரும் வந்து எடுத்துச் செல்லும் பொதுவெளி என்று இதைக் கற்பனை செய்வோர், அந்தச் செயலியே சந்தா வசூலிக்கிறது என்ற எளிய உண்மையை மறந்துவிடுகிறார்கள். உழைப்பு இன்னொருவருடையது, மூலதனம் இன்னொருவருடையது, லாபம் மட்டும் இடைத்தரகருடையது. வரியில்லை, கணக்கில்லை, தொழிலாளர் சட்டமில்லை. தடையற்ற சந்தை வேண்டும் என்று கேட்கிற முதலாளியின் கனவுலகம் உண்மையில் இப்படித்தான் இருக்கும்.

சொத்து என்பதே திருட்டுதான் என்று புரூதோன் முழங்கியபோது மார்க்ஸ் அதை ஏற்கவில்லை. திருட்டு என்ற கருத்தே சொத்து என்ற ஒன்றை முன்கூட்டியே ஏற்றுக்கொண்டு எழுவது என்று அவர் சுட்டிக்காட்டினார். கள்ளச் சந்தைக்காரன் அம்பானியின் சொத்துடைமையை அசைப்பதில்லை. அதன் மேல் ஒட்டுண்ணியாக வாழ்கிறான். ஜியோஹாட்ஸ்டார் இல்லாவிட்டால் அவனுக்கு விற்பதற்குச் சரக்கில்லை. அவனுடைய செயலியைப் பார்ப்பதற்கு ஆகும் டேட்டாவும் பெரும்பாலும் ஜியோவிடமோ ஏர்டெல்லிடமோ வாங்கியதுதான். அம்பானிக்கு ஒரு கையில் போக வேண்டியது போகாமல் மறு கையில் போகிறது என்பதைப் போராட்டம் என்று அழைப்பது நகைப்புக்குரியது.

இலவசமாகவே வரும் செயலிகளைப் பற்றி இன்னும் கவலையோடு பேச வேண்டும். அவை சந்தாவுக்குப் பதிலாக வேறொன்றை எடுத்துக்கொள்கின்றன. கூகுளின் செயலிக் கடையில் அவை கிடைப்பதில்லை. இணைப்பைத் தொட்டுக் கோப்பாக இறக்கி, ‘அறியப்படாத மூலங்களிலிருந்து நிறுவலாம்’ என்று கைப்பேசியின் காவலை நாமே விலக்கிக்கொடுக்க வேண்டும். குறுஞ்செய்திகளையும் தொடர்பு எண்களையும் படிக்க அனுமதி கேட்கும். ஆட்டம் தொடங்கிவிட்ட அவசரத்தில் எல்லாவற்றுக்கும் ‘சரி’ என்று அழுத்துகிறோம். வங்கியிலிருந்து வரும் ஒருமுறைக் கடவுச்சொல்லைப் படிக்கத் தெரிந்த ஒரு நிரல் அதற்குள் இருந்தால், மாதச் சம்பளம் விழுந்த அன்றே காணாமல் போவதற்கு வேறொன்றும் தேவையில்லை. பணக்காரனுக்கு வங்கியில் தனி அதிகாரி உண்டு. நூறு நாள் வேலைக் கூலி விழும் கணக்கை வைத்திருப்பவர் யாரிடம் போய் முறையிடுவார்?

மலிவு விலை ஆண்ட்ராய்டு பெட்டிகள் இதிலும் மோசம். தொலைக்காட்சியோடு இணைக்கும் இப்பெட்டிகள் பல, தொழிற்சாலையிலிருந்தோ விற்பனை வழியிலோ தீநிரல் ஏற்றப்பட்டே வருகின்றன. 2024 செப்டம்பரில் ஒரு ரஷ்யப் பாதுகாப்பு நிறுவனம், ஏறத்தாழ 200 நாடுகளில் 13 லட்சம் பெட்டிகள் ஒரே தீநிரலுக்கு ஆட்பட்டிருந்ததைக் கண்டறிந்தது. 2025 ஜூலையில் கூகுள் தொடுத்த வழக்கொன்று, வேறொரு வலைப்பின்னலில் சிக்கிய சான்றிதழற்ற கருவிகள் 1 கோடிக்கும் மேல் என்றது. இத்தகைய பெட்டி தன்னைப் படம் காட்டும் கருவியாகக் காட்டிக்கொண்டே, வீட்டு இணைய இணைப்பை முன்பின் தெரியாதவர்களுக்கு வாடகைக்கு விடுகிறது. எங்கோ ஒருவன் செய்யும் மோசடி நமது வீட்டு இணைய முகவரியிலிருந்து செய்யப்பட்டதாகப் பதிவாகும். பீமா கோரேகான் வழக்கில் கணினிகளுக்குள் ஆவணங்கள் நுழைக்கப்பட்டதாகத் தடயவியல் ஆய்வாளர்கள் கூறியதைக் கேட்ட பிறகும், கட்சி அலுவலகத்தில் இத்தகைய பெட்டியைச் சொருகி வைக்கும் துணிச்சல் நம்மிடம் இருப்பது வியப்பளிக்கிறது. உறுப்பினர் பட்டியலும் சங்க வாட்ஸ்அப் குழுக்களும் இருக்கும் கைப்பேசியிலேயே இந்தச் செயலியையும் வைத்திருக்கும் நிர்வாகிகள் உண்டு.

சூதாட்டம் அடுத்த வாசல். ஆட்டம் இலவசம், ஆனால் திரையின் ஓரத்தில் பந்துக்குப் பந்து பந்தயத்திற்கு அழைப்பு. ஃபேர்பிளே என்ற சூதாட்டச் செயலி 2023 ஐபிஎல் ஆட்டங்களை உரிமையின்றிக் காட்டியது என்று வயாகாம் 18 அளித்த புகாரின் பேரில் மகாராஷ்டிர சைபர் காவல்துறை வழக்குப் பதிந்தது. அமலாக்கத் துறையும் உள்ளே நுழைந்தது. (எதிர்க்கட்சிகள் மீது ஏவப்படும் அத்துறையின் மற்ற வேலைகள் பற்றி நமக்குள்ள கருத்து மாறவில்லை.) சூதாட்ட நிறுவனத்திற்குக் கிரிக்கெட் ஒளிபரப்பு ஒரு தூண்டில் புழு. பணம் வைத்து ஆடும் இணைய விளையாட்டுகளைத் தடைசெய்யும் சட்டம் 2025 ஆகஸ்டில் வந்துவிட்டது. முறையான கதவு மூடப்பட்ட பிறகு அந்த வியாபாரத்திற்குக் கள்ள ஒளிபரப்பைவிட வசதியான சந்து வேறில்லை. கடனில் மூழ்கும் இளம் தொழிலாளிகளைப் பற்றி நமது வாலிபர் இயக்கத் தோழர்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

இனி, நாம் பெரும்பாலும் பேச மறக்கும் ஒரு பிரிவினர்: கேபிள் தொழிலாளிகள். மின்கம்பத்தில் ஏறிக் கம்பி இழுப்பவர், மழையில் பெட்டி மாற்றுபவர், மாதம்தோறும் வீடு வீடாக வசூலுக்குப் போகிறவர். பலருக்கு வைப்புநிதியோ காப்பீடோ கிடையாது. அவர்களுக்கு வேலை கொடுக்கும் உள்ளூர் ஆபரேட்டரே பாதி முதலாளி, பாதித் தொழிலாளி. 2019இல் நடைமுறைக்கு வந்த டிராயின் புதிய கட்டண முறை, 100 சேனல்களுக்கான வலைப்பின்னல் கட்டணத்தை வரி நீங்கலாக 130 ரூபாய் என்று வைத்தது. மாதிரி ஒப்பந்தப்படி அதில் 45 சதவீதம் உள்ளூர் ஆபரேட்டருக்கு, 55 சதவீதம் பெரிய நிறுவனத்திற்கு. சேனல் விலையில் பெரும்பகுதி ஒளிபரப்பாளருக்கு. மக்கள் திட்டுவது மட்டும் கதவைத் தட்டும் ஆபரேட்டரை. கட்டணத் தொலைக்காட்சிச் சந்தாதாரர்கள் 2018இல் 15.1 கோடியாக இருந்து 2024இல் 11.1 கோடியாகச் சரிந்தனர் என்று கேபிள் நிறுவனங்களின் கூட்டமைப்பு 2025இல் வெளியிட்ட அறிக்கை கூறுகிறது. இந்தச் சரிவுக்குக் கள்ள ஒளிபரப்பு மட்டும் காரணமல்ல. சேனல் விலையேற்றமும் ஓடிடி தளங்களும் பெரிய காரணங்கள். ஆயினும் ரிலையன்சை ஏமாற்றியதாக நாம் மகிழும் ஒவ்வொரு இணைப்பிலும் முதலில் வருமானம் இழந்தவர் அடுத்த தெருவின் கம்பித் தொழிலாளி என்பதை மறைக்க முடியாது. ரிலையன்ஸ் அந்த இழப்பைத் தாங்கிக்கொள்ளும். அதற்குக் கேபிளும் உண்டு, ஃபைபரும் உண்டு, கைப்பேசியும் உண்டு.

அரசின் ‘ஒழிப்பு’ நடவடிக்கைகளுக்கு வருவோம். 2023இல் திருத்தப்பட்ட ஒளிப்பதிவுச் சட்டம், திரைப்படக் கள்ளப் பிரதிக்கு 3 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறையும், 3 லட்சம் ரூபாயில் தொடங்கித் தயாரிப்புச் செலவில் 5 சதவீதம் வரை அபராதமும் விதிக்கிறது. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், உரிமையின்றிப் பொதுமக்களுக்குக் காட்டுவதற்கு 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை என்கிறது. தேநீர்க் கடையிலோ சங்க அலுவலகத்திலோ கள்ளச் செயலி வழியே ஆட்டத்தைப் பலருக்குக் காட்டுவது இதற்குள் வரும். லாப நோக்கமில்லை என்றால் நீதிமன்றம் தண்டனையைக் குறைக்கலாம். ஆனால் அலுவலகத்தைச் சோதனையிட ஒரு சாக்குக் கிடைத்த பிறகு, தண்டனை குறைவது யாருக்கு ஆறுதல்?

தடை உத்தரவுகளின் ஆபத்து இதைவிடப் பெரிது. ‘2.0’ திரைப்படத்திற்காக 2018இல் சென்னை உயர் நீதிமன்றம் 12,000க்கும் மேற்பட்ட இணையதளங்களை முடக்க ஆணையிட்டது. அதற்கு முந்தைய ஆண்டு, இரண்டு இந்திப் படங்களின் தயாரிப்பாளர்கள் பெற்ற இதே போன்ற ஆணையில் இன்டர்நெட் ஆர்க்கைவ் என்னும் மாபெரும் மின்னூலகமே இந்தியாவில் முடக்கப்பட்டது. லட்சக்கணக்கான பழைய நூல்கள் இருக்கும் இடம் அது. பட்டியலை எழுதுபவர் நிறுவனத்தின் ஆள்; அதைச் சரிபார்ப்பவர் எவருமில்லை. இப்போது இந்த ஆணைகள் இன்னும் பிறக்காத தளங்களையும் சேர்த்து முடக்கும் அளவுக்கு விரிந்துள்ளன. விவசாயிகள் போராட்டத்தின்போது 2021இல் ட்விட்டர் கணக்குகளை முடக்கச் சொன்ன அரசின் கையில், கிரிக்கெட்டைக் காப்பாற்றுவதற்கென்று வளரும் இந்தக் கத்தரிக்கோல் கிரிக்கெட்டோடு நிற்காது. ‘கள்ள ஒளிபரப்பை ஒழிக்க’ என்று வரும் ஒவ்வொரு அதிகாரக் குவிப்பையும் நாம் எதிர்ப்பதற்கு இதுவே காரணம். அந்த எதிர்ப்புக்கு நாமே கள்ளச் செயலியின் வாடிக்கையாளராக இருப்பது வலுச் சேர்க்காது.

மாற்று இல்லை என்பவர்களுக்குக் கேரளத்தைக் காட்டலாம். இணையம் மக்களின் உரிமை என்று அறிவித்து, வறுமைக்கோட்டுக்குக் கீழுள்ள 20 லட்சம் குடும்பங்களுக்கு இலவச இணைப்பு என்ற இலக்குடன் இடது ஜனநாயக முன்னணி அரசு 2023 ஜூன் 5 அன்று கே-ஃபோன் திட்டத்தைத் தொடங்கியது. 2024 மார்ச் 7 அன்று ‘சி ஸ்பேஸ்’ என்ற அரசு ஓடிடி தளம் வந்தது. மாதச் சந்தா கிடையாது. பார்க்கும் படத்திற்கு 75 ரூபாய், அதில் பாதி தயாரிப்பாளருக்கு. இணைப்புகள் இலக்கை எட்டுவதில் கே-ஃபோன் வேகம் குறைவு என்பதும், சி ஸ்பேஸின் படத் தொகுப்பு சிறியது என்பதும் உண்மையே. ரிலையன்சின் மூலதனத்தோடு ஒரு மாநில அரசு மோத வேண்டியிருக்கிறது. அங்கேயே சிறு கேபிள் ஆபரேட்டர்கள் ஒன்றுகூடி உருவாக்கிய கேரளா விஷன், பெரும் நிறுவனங்களுக்கு ஈடாக நிற்கிறது. தமிழகத்தில் 2011இல் மீண்டும் உயிர்பெற்ற அரசு கேபிள் 70 ரூபாய்க்கு இணைப்பு கொடுத்தபோது, தனியார் ஏகபோகம் எப்படி ஆட்டம் கண்டது என்பதையும் நாம் பார்த்தோம்.

நாடாளுமன்றத்தில் நமது உறுப்பினர்கள் எழுப்ப வேண்டியவை தெளிவாக உள்ளன. 2007ஆம் ஆண்டுச் சட்டத்தைத் திருத்தி, பகிரப்படும் ஆட்டங்கள் கேபிள் வழியாகவும் தூர்தர்ஷனின் இணையத் தளம் வழியாகவும் கட்டணமின்றிக் கிடைக்கச் செய்ய வேண்டும். சேனல்களையும் கேபிளையும் கைப்பேசி வலைப்பின்னலையும் ஒரே குழுமம் வைத்திருப்பதற்கு உச்சவரம்பு வேண்டும். ரீசார்ஜோடு ஓடிடியைக் கட்டிவிற்பதை டிராய் தடுக்க வேண்டும். பிஎஸ்என்எல்லின் ஃபைபர் வழியே பிரசார் பாரதியின் எல்லா மொழிச் சேனல்களும் புலம்பெயர் தொழிலாளர் விடுதிகளுக்குப் போக வேண்டும்.

கிளைகள் அதுவரை காத்திருக்க வேண்டியதில்லை. அலுவலகத்திலும் சங்கக் கட்டிடத்திலும் உள்ள கள்ளப் பெட்டிகளை இந்த மாதமே கழற்றிவிடுங்கள். நிர்வாகிகளின் கைப்பேசிகளில் அத்தகைய செயலிகள் இருந்தால் நீக்கிவிட்டு, வங்கிக் கணக்குகளின் கடவுச்சொற்களை மாற்றச் சொல்லுங்கள். அந்தப் பகுதியின் சிறு ஆபரேட்டரிடம் ஒரு கேபிள் இணைப்பு கேளுங்கள். இணைப்புக் கொடுக்க வருகிற தொழிலாளி எந்தச் சங்கத்தில் இருக்கிறார், கம்பத்தில் ஏறுகையில் அவருக்குக் காப்பீடு உண்டா என்று விசாரித்து, பதிலை மாவட்டக் குழுவுக்கு எழுதுங்கள்.